மேல்முறையீட்டை யார் கேட்பது?

(பொம்மனஹள்ளியில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



சோவியத் சினிமாவில் கலைஞனுக்கு இருந்த சுதந்திரம் பற்றிப் பேசச் சொன்னார்கள். பேசுகிறேன். ஆனால் பாதி வழியில் மாஸ்கோவை விட்டுவிட்டு நம்முடைய பெங்களூர் சேஷாத்ரி சாலைக்கு வந்துவிடுவேன் என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். மாஸ்கோவைப் பற்றிப் பேசுவதில் ஒரு சௌகரியம் உண்டு. அவர்கள் சர்வாதிகாரிகள், நாம் ஜனநாயகவாதிகள் என்று நாற்காலியில் சாய்ந்துகொண்டு கேட்கலாம். இந்த அறையில் வேறொரு சாராரும் இருப்பார்கள். நியூ செஞ்சுரி புத்தகக் கடையில் மலிவு விலை ரஷ்ய நாவல்கள் வாங்கி வளர்ந்தவர்கள். சோவியத் என்றாலே மனசு இளகிவிடும். இரண்டு தரப்புக்கும் இன்று கொஞ்சம் சங்கடம் தரலாம் என்று இருக்கிறேன்.

சோவியத் நாட்டில் படம் எடுப்பதற்குப் பணம் கொடுத்தது அரசு. படப்பிடிப்புத் தளம் அரசுடையது. கதையைப் படித்துத் திருத்தம் சொன்ன ஆசிரியர் குழு, படம் முடிந்ததும் பார்த்துத் தீர்ப்புச் சொன்ன கலைக் குழு, எல்லாவற்றுக்கும் மேலே கோஸ்கினோ என்ற மத்திய நிறுவனம், கடைசியில் படம் ஓடும் திரையரங்கு வரை எல்லாம் அரசு. இதன் நல்ல பக்கத்தை மறைத்துப் பேசுவது நேர்மையல்ல. பதினைந்தாம் நூற்றாண்டுத் துறவியான ஓர் ஓவியரைப் பற்றி, மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் கறுப்பு வெள்ளைப் படம், அதில் ராட்சத மணி ஒன்றை வார்க்கும் காட்சிக்கென்றே நெடுநேரம் என்று சொல்லிக்கொண்டு கோடம்பாக்கத்திலோ காந்தி நகரிலோ ஒரு தயாரிப்பாளரிடம் போயிருந்தால், காபி கொடுத்து அனுப்பியிருப்பார். இயக்குநர் தார்க்கோவ்ஸ்கிக்கு சோவியத் அரசு பணம் கொடுத்தது. 'ஆந்திரேய் ரூபிளெவ்' 1966-ல் முடிந்தது.

பிறகு அதே அரசு அதைப் பூட்டி வைத்தது. இதை வெட்டு, அதைக் குறை, இந்தக் கொடூரம் அதிகம், இந்த வரலாறு சரியில்லை என்று ஆண்டுக்கணக்கில் இழுத்தது. 1969-ல் கான் திரைப்பட விழாவில் போட்டிக்கு வெளியே காட்டினார்கள். சர்வதேச விமர்சகர்கள் பரிசு கொடுத்துவிட்டார்கள். சோவியத் திரையரங்குகளுக்கு அந்தப் படம் வந்தது 1971-ல். தார்க்கோவ்ஸ்கியாவது தொடர்ந்து படம் எடுத்தார். 1984-ல் மிலான் நகரில், இனி நாடு திரும்பப் போவதில்லை என்று அறிவித்தார். இரண்டு ஆண்டுகளில் பாரிஸில் இறந்தார். அவர் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். நான் அதிகம் பேச விரும்புவது அலெக்சாந்தர் அஸ்கோல்தோவ் பற்றி.

அஸ்கோல்தோவ் எதிர்ப்பாளர் அல்ல. கட்சி உறுப்பினர். பண்பாட்டு அமைச்சகத்தில் வேலை பார்த்தவர். அமைப்பின் உள்ளேயிருந்து வந்த அந்த மனிதர் தன் முதல் படமாக 'கமிசார்' எடுத்தார். வசீலி கிராஸ்மனின் சிறுகதை அதற்கு மூலம். உள்நாட்டுப் போர்க் காலம். செம்படையின் பெண் கமிசார் ஒருத்தி கருவுற்றிருக்கிறாள். பிரசவம் வரை ஓர் ஏழை யூதக் குடும்பத்தின் வீட்டில் தங்க வைக்கிறார்கள். அந்த வீட்டில் பிள்ளைகள் அதிகம், சோறு குறைவு, அன்புக்குக் குறைவில்லை. குழந்தை பிறந்ததும் அதை அவர்களிடமே விட்டுவிட்டு அவள் போர்முனைக்குத் திரும்புகிறாள். இந்தக் கதையில் புரட்சிக்கு எதிராக என்ன இருக்கிறது? 1967-ல், புரட்சியின் பொன்விழா ஆண்டில் முடிந்த படம் அது. அதே ஆண்டு ஜூனில் அரபு-இஸ்ரேல் போர் மூண்டது. யூதர்களை இவ்வளவு பரிவோடு காட்டும் படம் யாருக்கும் வேண்டாததாகிவிட்டது. படம் அலமாரிக்குப் போயிற்று. அஸ்கோல்தோவைக் கட்சியிலிருந்து நீக்கினார்கள், ஸ்டுடியோவிலிருந்தும் வெளியேற்றினார்கள். அதன்பின் அவர் ஒரு கதைப்படம்கூட எடுக்கவில்லை. 2018-ல் இறந்தார். ஒரே படம்.

இயக்குநர் பராஜனவ் பற்றி நீங்கள் கேட்பீர்கள் என்பதால் ஒரு வார்த்தை. அவருடைய 'சாயத் நோவா'வை வேறொருவரைக் கொண்டு மறுபடி வெட்டி ஒட்ட வைத்து, பெயரையும் 'மாதுளையின் நிறம்' என்று மாற்றினார்கள். 1973 டிசம்பரில் கைது, ஐந்தாண்டுத் தண்டனை, நான்கு ஆண்டு சிறை. ஐசன்ஸ்டைனின் 'பெஜின் புல்வெளி'யை 1937-ல் பாதியில் நிறுத்தினார்கள். படச்சுருள் அழிந்தது. வெட்டி எடுத்து வைத்திருந்த சில பிம்பத் துண்டுகளை வரிசைப்படுத்தித்தான் முப்பது ஆண்டு கழித்து அந்தப் படம் எப்படி இருந்திருக்கும் என்று ஊகித்தார்கள்.

இந்தக் கதைகளில் நான் தேடியது ஒரே ஒரு விஷயம். படத்தைத் தடுத்துவிட்டார்கள், சரி. அடுத்து அந்த இயக்குநர் யாரிடம் போவார்? ஸ்டுடியோ தலைவர் தடுத்தால் கோஸ்கினோவுக்கு எழுதலாம். கோஸ்கினோ தடுத்தால் கட்சியின் மத்தியக் குழுவுக்கு எழுதலாம். தார்க்கோவ்ஸ்கியின் நாட்குறிப்புகளைப் புரட்டினால் இந்த அலைச்சல்தான் பக்கம் பக்கமாக வருகிறது. எந்தக் கதவைத் தட்டினாலும் அது ஒரே வீட்டின் கதவு. மாமியார் மேல் உள்ள புகாரை மாமியாரிடமே சொல்லும் நிலைமை.

அந்த வீட்டுக்குள் ஒரு சாளரம் திறந்தது 1986 மே மாதம். திரைப்படக் கலைஞர் சங்கத்தின் ஐந்தாவது மாநாடு. பழைய தலைமையை உறுப்பினர்கள் வாக்குப் போட்டுத் தள்ளினார்கள். இயக்குநர் எலெம் கிளிமோவ் முதல் செயலாளரானார். முடக்கப்பட்ட படங்களைத் திரும்பப் பார்த்து முடிவு சொல்ல ஒரு குழு அமைத்தார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் வெளியே வந்தன. அந்த வெளிச்சத்திலும் 'கமிசார்' உடனே வரவில்லை என்பதைக் கவனியுங்கள். 1987 ஜூலையில் மாஸ்கோ திரைப்பட விழாவில் அஸ்கோல்தோவ் எல்லார் முன்னிலையிலும் எழுந்து கேட்ட பிறகுதான் திரையிட்டார்கள். மறு ஆண்டு பெர்லினில் அதற்கு வெள்ளிக் கரடி கிடைத்தது. சக கலைஞர்களின் தாராளத்துக்கும் ஓர் எல்லை இருந்திருக்கிறது.

இனி நம் ஊர்.

இரண்டு நாடுகளையும் இணைக்கும் ஒரு மனிதரிலிருந்து தொடங்குகிறேன். குவாஜா அகமது அப்பாஸ். ராஜ் கபூரின் 'ஆவாரா'வை எழுதியவர். 1954-ல் சோவியத் திரையரங்குகளில் அந்தப் படத்துக்கு மக்கள் எப்படி அலைமோதினார்கள் என்பது ஊரறிந்த கதை. 1957-ல் வசீலி பிரோனினோடு சேர்ந்து 'பர்தேசி' என்ற இந்திய-சோவியத் கூட்டுப் படத்தை இயக்கியவரும் அவரே. கோஸ்கினோவின் நாட்டில் கொண்டாடப்பட்ட இந்த அப்பாஸ், தன் நாட்டில் பதினாறு நிமிட ஆவணப் படம் ஒன்றுக்காக உச்ச நீதிமன்றத்துக்குப் போக வேண்டி வந்தது. 'நான்கு நகரங்களின் கதை' என்ற அந்தப் படம் கல்கத்தா, பம்பாய், மதராஸ், டெல்லி நகரங்களில் பணக்காரன் வாழ்வையும் ஏழை வாழ்வையும் அருகருகே வைத்தது. பாலியல் தொழில் நடக்கும் தெரு ஒன்றின் காட்சியை வெட்டச் சொன்னார்கள். அப்பாஸ் வழக்குப் போட்டார். வழக்கு நடக்கும்போதே அரசு இறங்கி வந்து, வெட்டில்லாமல் யு சான்றிதழ் தருகிறோம் என்றது. இன்னொருவராக இருந்தால் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போயிருப்பார். அப்பாஸ் போகவில்லை. முன்தணிக்கை என்பதே அரசியல் சாசனத்துக்கு ஏற்றதா, அதைச் சொல்லுங்கள் என்றார்.

1970 செப்டம்பர் 24 அன்று தலைமை நீதிபதி ஹிதயத்துல்லா அமர்வு தீர்ப்புச் சொன்னது. அப்பாஸ் தோற்றார். சினிமா மற்ற கலைகளைவிட ஆழமாக மனத்தைத் தொடுவது, ஆகவே முன்தணிக்கை செல்லும் என்றார்கள். ஆனால் அந்த வழக்கில் இன்னொன்றும் பேசப்பட்டது. தணிக்கைக் குழுவின் முடிவை எதிர்த்து அமைச்சகத்திடமே முறையிடும் ஏற்பாடு சரியில்லை, தனித் தீர்ப்பாயம் வேண்டும் என்பது. அரசும் அதை ஒப்புக்கொண்டது. சொன்ன வாக்கு நிறைவேற பத்தாண்டுக்கு மேல் ஆயிற்று. 1981-ல் சட்டம் திருத்தி, 1983-ல் திரைப்படச் சான்றிதழ் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வந்தது. அப்பாஸ் தோற்ற வழக்கின் பலன் என்று அதைச் சொல்வேன்.

அதே 1970-ல் நடந்ததுதான் 'சம்ஸ்காரா'. இது கன்னடப் படம் என்றாலும் பாதி மதராஸ் படம். இயக்குநர் பட்டாபிராம ரெட்டி நெல்லூர்க்காரர், தெலுங்குக் கவிஞர். அவர் மனைவி சிநேகலதா ரெட்டி, மதராஸ் பிளேயர்ஸ் என்ற ஆங்கில நாடகக் குழுவை உருவாக்கியவர்களில் ஒருவர். கிரீஷ் கர்னாட் அப்போது மதராஸில் ஒரு பதிப்பகத்தில் வேலை பார்த்துக்கொண்டு அந்தக் குழுவில் நடித்தவர். இவர்கள் கூடி, ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த டாம் கவனை ஒளிப்பதிவுக்கு வைத்துக்கொண்டு, சிருங்கேரிக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்தில் யு.ஆர். அனந்தமூர்த்தியின் நாவலைப் படமாக்கினார்கள். கர்னாட் பிராணேசாச்சாரியார், லங்கேஷ் நாரணப்பா, சிநேகலதா சந்திரி. அக்ரகாரத்தில் ஆசாரம் கெட்ட ஒரு பிராமணன் இறந்து கிடக்கிறான். அவனுக்குச் சடங்கு செய்வது யார் என்று முடிவாகாமல் பிணம் கிடந்து நாறுகிறது. நாவலைத் தமிழிலும் படித்திருப்பீர்கள், கதையை விரிக்கவில்லை.

கன்னடப் படங்களுக்கும் அன்று தணிக்கை மதராஸில்தான். மதராஸ் குழு படத்துக்குச் சான்றிதழ் மறுத்தது. சாதி உணர்வுகள் புண்படும், கொந்தளிப்பு வரும் என்பது கவலை. விஷயம் டெல்லிக்குப் போயிற்று. தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் தடையை நீக்கியது. படம் வெளியாயிற்று. கொந்தளிப்பு ஒன்றும் வரவில்லை. அந்த ஆண்டின் சிறந்த இந்தியப் படம் என்ற தேசிய விருது வந்தது. கன்னடத்துக்கு அந்த விருது கிடைத்தது அதுவே முதல் தடவை. அரசின் ஒரு கை மறுத்த படத்துக்கு மறுகை விருது கொடுத்தது. இதைக் கேலியாகச் சொல்லவில்லை. இரண்டு கைகளும் ஒரே கையாக இல்லாமல் இருந்ததால்தான் 'சம்ஸ்காரா' பிழைத்தது. ஆனால் அன்று காப்பாற்றியது அமைச்சகத்தின் நல்லெண்ணம். நல்லெண்ணத்தை நம்பி எத்தனை நாள் இருக்க முடியும் என்பது ஐந்தே ஆண்டில் தெரிந்துவிட்டது.

1975 ஜூனில் நெருக்கடி நிலை. 'கிஸ்ஸா குர்சி கா' என்ற இந்திப் படம், இயக்குநர் அம்ருத் நாகட்டா, ஆளும் காங்கிரசின் நாடாளுமன்ற உறுப்பினர். சான்றிதழுக்குப் போன அந்தப் படத்தின் நெகட்டிவ்களைக் கைப்பற்றி, குர்காவ் மாருதி தொழிற்சாலையில் எரித்தார்கள் என்பது வழக்கு. 1979-ல் சஞ்சய் காந்திக்கும் முன்னாள் தகவல் அமைச்சர் வி.சி. சுக்லாவுக்கும் கீழ் நீதிமன்றம் தண்டனை கொடுத்தது. மேல்முறையீட்டில் அது ரத்தாயிற்று. கோஸ்கினோ அதிகாரிகள் பூட்டிவைத்த படங்களில் பெரும்பாலானவை சுருள் கெடாமல் இருபது ஆண்டு கழித்து வெளியே வந்தன. நாம் கொளுத்திப் போட்டோம்.

சிநேகலதா ரெட்டிக்கு வருகிறேன். அவரும் பட்டாபிராம ரெட்டியும் சோஷலிஸ்டுகள், ஜார்ஜ் பெர்னாண்டஸின் நண்பர்கள். பெர்னாண்டஸ் தலைமறைவாக இருந்தார். 1976 மே 2 அன்று சிநேகலதாவைக் கைது செய்தார்கள். பரோடா வெடிமருந்து வழக்கில் தொடர்பு என்றார்கள். கடைசியில் தாக்கலான குற்றப்பத்திரிகையில் அவர் பெயர் இல்லை. ஆனாலும் மிசா என்ற தடுப்புக் காவல் சட்டத்தின்கீழ் உள்ளேயே வைத்திருந்தார்கள்.

அந்தத் தேதியை இன்னொரு தேதியோடு சேர்த்துப் பாருங்கள். நெருக்கடி நிலையில் தடுப்புக் காவலில் இருப்பவர் ஆட்கொணர்வு மனுவோடு நீதிமன்றத்துக்கு வர முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்ன ஜபல்பூர் வழக்கின் தீர்ப்பு 1976 ஏப்ரல் 28. நான்கு நாள் இடைவெளி. எச்.ஆர். கன்னா ஒருவர் மட்டும் மாறுபட்டார். சிநேகலதா சிறைக்குள் போனபோது, வெளியேயிருந்து திறக்கக்கூடிய கதவு எதுவும் பாக்கியில்லை. மே மாத பெங்களூர் அந்த அளவில் 1967-ன் மாஸ்கோதான்.

இன்று சேஷாத்ரி சாலையில் ஃப்ரீடம் பார்க் என்று போராட்டங்கள் நடத்துகிறோமே, அதுதான் பழைய மத்திய சிறை. ஆஸ்துமா நோயாளியான அவரை அங்கே எட்டு மாதம் வைத்திருந்தார்கள். வாஜ்பாய், அத்வானி, மது தண்டவதே எல்லாம் அதே வளாகத்தில் அடைபட்டிருந்தவர்கள். இரவின் அமைதியில் சிநேகலதாவின் அலறல் தன் அறை வரை கேட்டதாகத் தண்டவதே பின்னால் எழுதினார். அந்த நிலைமையிலும் சிநேகலதா சக பெண் கைதிகளுக்காகச் சண்டை போட்டார், நாட்குறிப்பு எழுதினார். 1977 ஜனவரி 15 அன்று பரோலில் விட்டார்கள். 20 அன்று இறந்தார். அதற்கு இரண்டு நாள் முன்பு, 18-ஆம் தேதியே இந்திரா காந்தி தேர்தலை அறிவித்திருந்தார். பட்டாபிராம ரெட்டி லங்கேஷின் நாடகத்தை வைத்து எடுத்த 'சண்டமாருதா' அந்தக் காலத்தில் முடங்கி, நெருக்கடி நிலை விலகிய பின் 1977-ல் வெளிவந்தது.

பராஜனவ் சிறையிலிருந்தபோது பிரெஞ்சுக் கவிஞர் அரகோன் சோவியத் தலைவர் பிரெஷ்னெவிடம் பேசினார், உலகமெங்கும் இயக்குநர்கள் கையெழுத்திட்டார்கள். நாமும் இன்று பராஜனவ் விழா என்றால் கூடிவிடுகிறோம். சிநேகலதா ரெட்டி பெயரில் இந்த நகரத்தில் எத்தனை பேர் கூடுகிறோம் என்று எனக்கு அவ்வப்போது கோபம் வரும். அதை இங்கே கொட்டிவிட்டு மேலே போகிறேன்.

தமிழுக்கும் ஒரு பெரிய வழக்கு உண்டு. 'ஒரே ஒரு கிராமத்திலே'. வாலி எழுதிய கதை, ஜோதிபாண்டியன் இயக்கம். பிராமணப் பெண் ஒருத்தி பொய்ச் சாதிச் சான்றிதழில் அரசு வேலைக்கு வருகிறாள். இடஒதுக்கீடு பொருளாதார அடிப்படையில் இருக்க வேண்டும் என்பது படத்தின் வாதம். என் கருத்தைக் கேட்டால், வாதம் அரைவேக்காடு. சாதியால் மறுக்கப்பட்டதைப் பணக் கணக்கில் மட்டும் அளக்கும் பார்வை அது. தணிக்கைக் குழுவே முதலில் தயங்கி, மறு ஆய்வில் யு கொடுத்தது. சென்னை உயர் நீதிமன்றம் சான்றிதழை ரத்து செய்தது. படம் வந்தால் கலவரம் வரும் என்று மாநில அரசும் சொன்னது. 1989 மார்ச் 30 அன்று உச்ச நீதிமன்றம் சான்றிதழைத் திருப்பிக் கொடுத்தது. தீர்ப்பை எழுதியவர் கர்நாடகத்திலிருந்து போன நீதிபதி கே. ஜெகந்நாத ஷெட்டி. ஊர்வலம் வரும், வன்முறை வரும் என்ற மிரட்டலுக்குப் பணிந்து கருத்தை ஒடுக்கக் கூடாது, ஒழுங்கைக் காப்பது அரசின் வேலை, முடியவில்லை என்று அரசு கையை விரிக்க முடியாது என்பது சாரம். எனக்குப் பிடிக்காத படத்துக்குக் கிடைத்த அந்தத் தீர்ப்பைத்தான் பின்னால் எனக்குப் பிடித்த படங்களுக்கெல்லாம் வக்கீல்கள் எடுத்துக் காட்டினார்கள்.

எல்லாருக்கும் வழக்கு இவ்வளவு வேகமாக முடியவில்லை. ராஜீவ் காந்தி கொலையைத் தொட்ட ஆர்.கே. செல்வமணியின் 'குற்றப்பத்திரிகை' தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எடுக்கப்பட்டு 2007-ல்தான் வெளிவந்தது. இங்கிருந்து பன்னேர்கட்டா சாலையைத் தாண்டிப் போனால் கோணனகுண்டே. அந்தக் கொலை வழக்கில் தேடப்பட்ட சிவராசனும் கூட இருந்தவர்களும் 1991 ஆகஸ்டில் இறந்த இடம். அதைப் பற்றிய 'சயனைட்' கன்னடத்தில் 2006-லேயே வந்துவிட்டது.

இன்றைய பேச்சில் நான் முக்கியமாகச் சொல்ல வந்த பெயர் கே.எம். சங்கரப்பா. 'மடி மாடிதவரு' எடுத்த கன்னட இயக்குநர். சினிமா ரசிகர்களே மறந்துவிட்ட பெயர், ஆனால் சட்டப் புத்தகத்தில் நிரந்தரமாக இருக்கிறது. திரைப்படச் சட்டத்தின் ஆறாவது பிரிவில் ஒரு வசதி இருந்தது. தணிக்கைக் குழு பார்த்து, மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமும் பார்த்து முடிவு சொன்ன பிறகும், மத்திய அரசு அந்த முடிவை எடுத்து மாற்றலாம். அப்பாஸ் வழக்கிலிருந்து பாடுபட்டுப் பெற்ற தீர்ப்பாயத்தின் தலைமேல் அமைச்சகம் மறுபடி ஏறி உட்கார்ந்திருந்தது. சங்கரப்பா கேட்டார்: நீதிபதி போன்ற ஒரு தீர்ப்பாயத்தின் முடிவை ஓர் அமைச்சர் எப்படித் திருத்தலாம்? 1990-ல் கர்நாடக உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. அரசு மேல்முறையீடு செய்தது. 2000 நவம்பர் 28 அன்று உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. நிர்வாகம் தீர்ப்பாயத்துக்கு மேல் உட்கார்ந்து மறுபரிசீலனை செய்வது சட்டத்தின் ஆட்சிக்கே விரோதம் என்றது.

தார்க்கோவ்ஸ்கிக்கு இல்லாமல் போனது இந்த ஒரு வரிதான். அவரிடம் பணம் இருந்தது, உலகத் தரமான கலைஞர்கள் இருந்தார்கள், கானில் பரிசும் இருந்தது. தடுத்தவனின் வீட்டுக்கு வெளியே ஒரு கதவு இல்லை. நமக்கு அந்தக் கதவை ஒரு கன்னட இயக்குநர் சட்டமாக்கிக் கொடுத்தார்.

அதற்காக நாம் தப்பித்துவிட்டோம் என்று நினைக்காதீர்கள். இந்த அறையில் இருப்பவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. 2018-ல் 'காலா'. காவிரி பற்றி ரஜினிகாந்த் சொன்னதற்காகக் கர்நாடகத் திரைப்பட வர்த்தக சபை படத்தை வெளியிட விட மாட்டோம் என்றது. உயர் நீதிமன்றம் திரையரங்குகளுக்குப் பாதுகாப்புக் கொடுக்கச் சொல்லி உத்தரவிட்டது. 2025-ல் 'தக் லைஃப்'. தமிழிலிருந்து பிறந்தது கன்னடம் என்று கமல்ஹாசன் சொன்னதற்கு அதே கதை. இந்தத் தடவை உயர் நீதிமன்றத்தில் மன்னிப்பு ஏன் கேட்கக் கூடாது என்ற கேள்விதான் வந்தது. ஜூன் 5 அன்று மற்ற மாநிலங்களில் படம் வெளியாயிற்று. இரண்டு வாரம் கழித்து உச்ச நீதிமன்றம், சான்றிதழ் பெற்ற படம் ஓட வேண்டும், கும்பல் தெருவைக் கைப்பற்ற விடக் கூடாது என்று சொன்னது. அதற்குள் படமே ஓய்ந்துவிட்டது. உங்களில் எத்தனை பேர் அத்திப்பள்ளி தாண்டி ஓசூரில் போய்ப் பார்த்தீர்கள் என்று கேட்கப் போவதில்லை. கமல் சொன்னது மொழியியல்படி சரியில்லை என்பதும் என் கருத்து. அதற்குத் தண்டனை படத்துக்கு எதற்கு என்பதும் என் கருத்து. கோஸ்கினோவுக்கு ஒரு முகவரி இருந்தது. இந்தத் தணிக்கைக்கு அதுவும் இல்லை. எந்தத் தேதியில் யார் கூடுவார்கள் என்பது அவர்களுக்கே காலையில்தான் தெரியும்.

கடைசியாக, கதவின் இன்றைய நிலைமை. 2021 ஏப்ரலில் திரைப்படச் சான்றிதழ் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தை ஓர் அவசரச் சட்டத்தில் கலைத்துவிட்டார்கள். இப்போது தணிக்கை வாரியத்தோடு தகராறு என்றால் நேரே உயர் நீதிமன்றம். பெரிய நிறுவனத்துக்கு அது செலவுக் கணக்கில் ஒரு வரி. கடன் வாங்கி முதல் படம் எடுத்தவர் வெளியீட்டுத் தேதியைக் கையில் வைத்துக்கொண்டு வழக்கு எண்ணுக்குக் காத்திருக்க மாட்டார். சொன்ன இடத்தில் வெட்டிவிட்டுப் போவார். அந்த வெட்டு எந்தத் தடைப் பட்டியலிலும் வராது. அதே 2021 ஜூனில் வந்த சட்ட வரைவில், சங்கரப்பா பிடுங்கிய அதிகாரத்தை அரசுக்குத் திருப்பித் தரும் பிரிவும் இருந்தது. தமிழ்நாட்டிலிருந்தும் கர்நாடகத்திலிருந்தும் திரைக்கலைஞர்கள் எதிர்த்தார்கள். 2023-ல் நிறைவேறிய திருத்தச் சட்டத்தில் அந்தப் பிரிவு இல்லை. கலைத்த தீர்ப்பாயமும் திரும்பி வரவில்லை.

கேள்விகளுக்கு நேரம் இருக்கிறது என்கிறார் அவைத்தலைவர். கன்னடத்தில் கேட்க விரும்பும் நண்பர்கள் கன்னடத்திலேயே கேளுங்கள்.